பேரைச் சேர்த்துப் பாடு: கானா பற்றிச் சில குறிப்புகள்

கானாவைச் 'சென்னையின் ராப்' என்று அறிமுகப்படுத்துகிறார்கள். வெளியூர்க்காரருக்குச் சட்டென்று புரியவைக்க அது உதவலாம். எனக்கு அதில் உடன்பாடில்லை. ஹிப்ஹாப்பின் கதையைச் சொல்பவர்கள் 1973 ஆகஸ்டில் நியூயார்க்கின் பிராங்க்ஸ் பகுதியில் டிஜே கூல் ஹெர்க் இசைத்தட்டு சுழற்றிய ஒரு விருந்திலிருந்து தொடங்குவார்கள். கானாவுக்கு அப்படி நாள் குறித்த பிறப்பு கிடையாது. பிறந்த இடம் என்று ஒன்றைச் சொல்லித்தான் ஆக வேண்டுமென்றால் நான் சாவு வீட்டைச் சொல்வேன். நடுவில் உடல், சுற்றிலும் சொந்தம், விடிய விடியப் பாட்டு. லவ் கானா, ஜெயில் கானா, தத்துவ கானா, பஸ்ஸில் பாடும் ரூட்டு கானா என்று எத்தனை கிளை பிரிந்தாலும், மரண கானாவில் கற்றுக்கொண்ட ஒரு பழக்கத்தை எல்லாம் வைத்திருக்கின்றன: ஆளின் பேரையும் ஏரியாவின் பேரையும் சத்தமாகச் சொல்வது.

*

புளியந்தோப்பு, ஆட்டுத்தொட்டிக்குப் பக்கத்துச் சந்து. தெருவை அடைத்துப் பந்தல், ஐஸ் பெட்டி, ஃபிளெக்ஸ் பேனர், வாடகை சேர்கள். பாட வந்த பையனுக்கு இருபத்திரண்டு வயது இருக்கலாம். மைக் பக்கம் போகவில்லை. நேராக இறந்தவரின் மனைவியிடம் போய்த் தரையில் உட்கார்ந்தான்.

"அக்கா, அண்ணன் பேரு இன்னாக்கா? ரேஷன் கார்டுல கீறது வேணாம். வூட்ல கூப்புடுற பேரு சொல்லு."

அவர் அழுகையை நிறுத்திச் சொன்னார். அடுத்தடுத்துக் கேட்டான். பசங்க எத்தனை, பேத்தி பேரு என்ன, எங்கே வேலை, கூடவே சுத்துன தோஸ்து யாரு, எந்த டீக்கடை. யாரோ கொடுத்த கல்யாணப் பத்திரிகையின் பின்பக்கத்தில் கிறுக்கிக்கொண்டான். இறந்தவர் மூட்டை தூக்குகிறவர். கொத்தவால் சாவடியில் தொடங்கி, 1996-ல் மார்க்கெட் கோயம்பேட்டுக்குப் போனபோது கூடவே போனவர். கடைசி மகள் பெரும்பாக்கத்தில் இருக்கிறாள், ரெண்டு பஸ் மாறி வந்தாள் என்று ஒரு கிழவி சொன்னாள். அதையும் எழுதிக்கொண்டான்.

பாட்டு பத்து மணிக்கு மேல் தொடங்கியது. முதலில் தாளமில்லாமல் இழுத்து ஒரு தொகையறா. பிறப்பு, இறப்பு, கூடு, உயிர் என்று எந்தச் சாவுக்கும் பொருந்துகிற பொதுச் சரக்கு. ஆட்கள் பேசிக்கொண்டும் டீ குடித்துக்கொண்டும்தான் இருந்தார்கள். டோலக் விழுந்தது. இரண்டாவது சரணத்தில் அந்த வீட்டுப் பேர் வந்தது. பந்தல் அடங்கிப்போனது. அதற்குப் பிறகு ஒவ்வொரு பேராக வர வர, அந்தப் பேருக்குரியவர் எழுந்து வந்தார், அழுதார், பாடகனின் சட்டையில் பத்து ரூபாயோ ஐம்பது ரூபாயோ குத்தினார். தோஸ்து வந்தார், டீக்கடைக்காரர் வந்தார். ரெண்டு பஸ் மாறி வந்த மகளைப் பற்றிய அடி வந்தபோது, அதுவரை அழாமல் பெட்டியையே பார்த்துக்கொண்டிருந்த அந்தப் பெண் உடைந்து போனாள்.

மூட்டை தூக்கியவருக்கு நாளிதழில் காலமானார் விளம்பரம் கொடுக்க வசதி ஏது? அவர் வாழ்க்கையை முழுதாக ஒருவர் சொல்லி ஊர் உட்கார்ந்து கேட்டது அந்த ஒரு ராத்திரிதான். அதைச் செய்தவன் கல்லூரியைப் பாதியில் விட்ட ஒரு பையன்.

*

மெட்டு எங்கிருந்து வேண்டுமானாலும் வரும். பழைய இந்திப் பாட்டு, தர்காவில் கேட்ட பாட்டு, சர்ச்சில் கேட்ட பாட்டு, சித்தர் பாடல்களின் சாயல். வட சென்னையின் ஒரு தெருவில் எது எது காதில் விழுமோ அதெல்லாம் கானாவில் இருக்கும். வாத்தியமும் அப்படித்தான். டோலக், தபேலா, புல்புல் தாரா, பறை, சட்டி, கட்ட மோளம். எதுவும் இல்லையென்றால் பிளாஸ்டிக் குடம், பஸ்ஸின் தகரம், சாப்பாட்டுத் தட்டு. ஜெயில் கானாவுக்குத் தட்டுதான் மேளம். சென்ட்ரல் ஸ்டேஷன் பக்கம் இருந்த பழைய மத்திய சிறையை 2009-ல் இடித்துவிட்டார்கள். கைதிகளை அதற்கு முன்பே புழலுக்கு மாற்றியாகிவிட்டது. அந்தச் சுவர்களுக்குள் உருவான பாட்டுகள் எத்தனை எழுத்தில் ஏறின என்று நினைத்தால் நெஞ்சு கனக்கிறது.

*

ஏன் வட சென்னை? துறைமுகம், ரயில்வே பணிமனைகள், பேசின் பிரிட்ஜ், பின்னி மில் என்று நாம் அழைக்கிற பக்கிங்ஹாம் கர்நாடிக் மில். நகரத்துக்கு உடல் உழைப்பு தேவைப்பட்ட இடங்களெல்லாம் இங்கேதான். சுற்றுவட்டார மாவட்டங்களின் சேரிகளிலிருந்து வந்தவர்கள் இங்கே கூலிகளானார்கள், தொழிலாளர்களானார்கள், சங்கம் கண்டார்கள். 1918-ல் சென்னைத் தொழிலாளர் சங்கம் தொடங்கியதற்கும், 1921 வேலைநிறுத்தம் சாதி மோதலாகத் திசைதிரும்பி வீடுகள் எரிந்ததற்கும் இதே புளியந்தோப்பு வட்டாரம்தான் களம். 1996-ல் மில் ஒரேயடியாக மூடப்பட்டது. அப்பாக்களுக்கு வேலை போனது, மகன்களுக்கு வேலை வரவில்லை. அந்த மகன்களின் காலத்தில்தான் கானா தெருவை விட்டு வெளியே கேட்கத் தொடங்கியது. அவர்களைப் பற்றி வெளியுலகம் பேசியது பெரும்பாலும் போலீஸ் செய்தியில். 'பிரபல ரவுடி', 'கஞ்சா வாலிபர்', 'ரூட்டு தல'. தங்களைப் பற்றித் தாங்களே பேச அவர்கள் கையில் இருந்தது பாட்டு.

*

நூறு வருஷத்துக்கு முந்தைய சென்னையில் குஜிலிப் பதிப்புகள் இருந்தன. மட்டக் காகிதத்தில் அச்சடித்துத் தெருவில் பாடி விற்ற சிறு பாட்டுப் புத்தகங்கள். கொலைச் சிந்து, விபத்துச் சிந்து, விலைவாசிப் பாட்டு. ஆ.இரா. வேங்கடாசலபதியின் 'முச்சந்தி இலக்கியம்' அவற்றைத் தூசி தட்டி எடுத்துக் காட்டியது. ஊரில் நடந்ததை உடனுக்குடன் பாட்டாக்குவது, நாலு பேர் கூடும் இடத்தில் நின்று பாடுவது, படித்தவர்கள் முகம் சுளித்தாலும் விடாமல் பாடுவது: கானாவுக்கும் குஜிலிக்கும் இதெல்லாம் பொது. அந்தப் புத்தகங்களை இலக்கியம் என்று எடுத்துவைக்காத புலவர்கள் எவ்வளவு இழந்தார்கள்! கானா விஷயத்தில் அதே அலட்சியம் இன்னொரு முறை நடந்துகொண்டிருக்கிறது.

*

சினிமா. இதில் எனக்கு நன்றியும் உண்டு, வருத்தமும் உண்டு.

இசையமைப்பாளர் தேவா தொண்ணூறுகளில் செய்தது பெரிய காரியம். 1996-ல் வந்த 'காதல் கோட்டை'யில் அவரே பாடிய பாட்டு மதுரையிலும் நெல்லையிலும் கல்லூரி விடுதிகளில் ஒலித்தது. 2006-ல் 'சித்திரம் பேசுதடி'யில் கானா உலகநாதன் திரையிலேயே வந்து பாடினார். அந்த மீன் கல்யாணப் பாட்டு தெரியாத வீடு இல்லை என்றானது. 2012-ல் இயக்குநர் பா. ரஞ்சித்தின் 'அட்டகத்தி' வந்தது. அவருக்கும் இசையமைப்பாளர் சந்தோஷ் நாராயணனுக்கும் முதல் படம். அதில் பாடிய கானா பாலா ஒரு வழக்கறிஞர். சட்டம் படித்தவர் கானா பாடுகிறார் என்று சிலர் வியந்தபோது எனக்கு அந்த வியப்புதான் வியப்பாக இருந்தது. 2014-ல் 'மெட்ராஸ்' படத்தில் அதே பாலா குரலில் ஒரு மரண கானா வந்தது. குத்தாட்டத்துக்கு மட்டும் கானாவைக் கூப்பிட்டுக்கொண்டிருந்த திரை, அன்றைக்குத்தான் அதன் சொந்த வீட்டு வாசலுக்கு வந்து உட்கார்ந்தது.

வருத்தம் இதுதான். தெருவில் பாடும்போது கடைசிச் சரணத்தில் பாடகன் தன் பேரையும், குருவின் பேரையும், பேட்டையின் பேரையும் சேர்ப்பான். அது முத்திரை. 'இது என் பாட்டு, இந்த இடத்துப் பாட்டு' என்பதற்கான அத்தாட்சி. சினிமாவுக்குள் நுழையும்போது முதலில் உதிர்வது அந்தச் சரணம். நாலு நிமிடப் பாட்டில் கதாநாயகன் வாயசைக்கும்போது ஓட்டேரி வாத்தியாரின் பேர் எப்படி வரும்? மெட்டு மட்டும் ஊரெல்லாம் போய்விடுகிறது. சந்துகளில் போய்க் கேட்டால், 'அது எங்க மாமா கட்டுன மெட்டு' என்று ஒவ்வொரு பேட்டையிலும் ஒருவர் சொல்வார். எல்லாருமே சரியாகச் சொல்கிறார்கள் என்று நான் வாதாட மாட்டேன். ஆனால் அவர்களில் ஒருவருக்காவது அதை நிரூபிக்க வழி இருக்கவேண்டுமே.

*

2018 ஜனவரி 6, கீழ்ப்பாக்கம். தி காஸ்ட்லெஸ் கலெக்டிவ் முதன்முதலில் மேடை ஏறிய நாள். ரஞ்சித்தின் நீலம் பண்பாட்டு மையமும் இசையமைப்பாளர் டென்மாவும் சேர்ந்து உருவாக்கிய குழு. பத்தொன்பது பேர். கானா பாடகர்கள், ராப் பாடகர்கள், கிட்டார், பறை, சட்டி, கட்ட மோளம். அத்தனை பேரும் கோட்டு சூட்டில். அந்த உடுப்பு யாருடையது என்று கூட்டத்தில் யாருக்கும் விளக்கவேண்டியிருக்கவில்லை. குழுவின் பேரே அயோத்திதாசப் பண்டிதரிடமிருந்து எடுத்தது. சாதியில்லாத் தமிழர் என்று தம் மக்களை அழைத்தவர், 1907-ல் 'ஒரு பைசாத் தமிழன்' இதழ் தொடங்கியவர். இடஒதுக்கீடு, மாட்டுக்கறி, குடிசை அகற்றல், கையால் மலம் அள்ளும் கொடுமை என்று மேடைக்கு வந்த விஷயங்களைப் பார்த்துச் சிலர் 'இசையில் அரசியல் எதற்கு' என்றார்கள். சாவு வீட்டில், 'இவன் ஏன் இந்த வயசிலேயே செத்தான்' என்று பாடுகிறவனிடம் போய் இதைக் கேட்கமுடியுமா? மலக்குழியில் இறங்கி மூச்சடைத்துச் செத்தவனின் பந்தலில் அரசியலைத் தவிர்த்துவிட்டு என்ன பாடுவது?

2020 டிசம்பரில் நீலம் தொடங்கிய 'மார்கழியில் மக்களிசை' அடுத்த நல்ல வேலை. மார்கழி என்றால் சபா, சபா என்றால் கச்சேரி என்றிருந்த ஊரில் அதே மாதத்தில் கானாவுக்கும் ஒப்பாரிக்கும் மேடை போட்டார்கள். வரிசையாக உட்கார்ந்து கேட்டவர்களில் பாதிப் பேர் பேட்டைப் பிள்ளைகள். தங்கள் தெருப் பாட்டை நல்ல ஒலியமைப்பில், இருக்கையில் சாய்ந்து உட்கார்ந்து கேட்பது அவர்களுக்கு உரிய மரியாதை.

*

பெண்கள் விஷயத்தை மென்று விழுங்க எனக்கு மனமில்லை. கானா ஆண்களின் கூட்டமாகவே வளர்ந்தது. ஒப்பாரி வைத்த பாட்டிகளிடம் எவ்வளவோ கடன் வாங்கியிருக்கும் இந்தப் பாட்டு, பந்தலில் மைக்கை ஆண்களிடமே கொடுத்தது. காதலில் தோற்றவனின் புலம்பல், கொஞ்சம் கொஞ்சமாக, ஏமாத்திட்டா என்று பெண்ணை ஏசுவதாக மாறியது. யூடியூபில் எண்ணிக்கை கூடும் என்பதற்காகச் சிறுமிகளைப் பற்றிக் கேவலமாகப் பாடி, புகாரும் போலீஸ் எச்சரிக்கையும் வாங்கி, காணொளியை நீக்கிய சம்பவமும் உண்டு. ஒடுக்கப்பட்டவன் குரல் என்பதற்காக இதற்கெல்லாம் சாக்குச் சொன்னால், அதே சந்தில் இன்னும் கீழே அமுக்கப்பட்டிருக்கும் பெண்ணுக்குத் துரோகம் செய்கிறோம்.

அதனால்தான் இசைவாணி முக்கியம். வட சென்னைப் பெண். காஸ்ட்லெஸ் கலெக்டிவில் பாட வந்து, பேருக்கு முன்னால் 'கானா' என்ற பட்டத்தைச் சேர்த்துக்கொண்டவர். 2020-ல் பிபிசியின் நூறு பெண்கள் பட்டியலில் இடம்பெற்றார். அந்தப் பட்டத்துக்காக ஆண்கள் எத்தனை வருஷம் குருவின் பின்னால் டோலக் தூக்கிக்கொண்டு அலைவார்கள் என்று தெரிந்தவர்களுக்கு, ஒரு பெண் அதைத் தன்னுடையதாக்கிக் கொண்டதன் கனம் தெரியும். கோயில் நுழைவு பற்றி அவர் 2018-ல் பாடிய பாட்டுக்கு 2024 நவம்பரில், ஆறு வருஷம் கழித்து, புகார்களும் மிரட்டல்களும் கிளம்பின. பாட்டு அப்படியேதான் இருந்தது. அதைத் தேடி எடுத்துக் கோபப்பட ஆறு வருஷத்துக்குப் பிறகு ஆள் வந்தார்கள்.

*

கண்ணகி நகர், செம்மஞ்சேரி, பெரும்பாக்கம். ஆற்றோரமும் கால்வாயோரமும் இருந்தவர்களை நகரம் பிடுங்கி நட்ட இடங்கள். கண்ணகி நகரில் மட்டும் இருபதாயிரத்துக்கும் மேற்பட்ட வீடுகள். வேலை கேட்டுப் போகும் பையன்கள் விண்ணப்பத்தில் இந்த முகவரியை எழுதத் தயங்குகிறார்கள். துரைப்பாக்கம் என்று மட்டும் எழுதுகிறவர்கள் உண்டு. அதே பையன்கள் பாட்டில் மட்டும் பிளாக் நம்பரோடு சொல்கிறார்கள். பழைய பேட்டையையும் விடுவதில்லை. பிறக்கும் முன்பே இடிக்கப்பட்ட தெருவின் பேரை, அம்மா சொல்லக் கேட்டு, பதினாறு வயதுப் பையன் சரணத்தில் வைக்கிறான். நகர்ப்புற வாழ்விட மேம்பாட்டு வாரியத்தின் கோப்பில் 'ஒதுக்கீடு' என்று ஒரே சொல்லாகக் கிடக்கிற விஷயம், பாட்டில் எந்தக் கால்வாய், எந்தக் கோயில், எந்த மரம் என்று முழுதாக இருக்கிறது. இந்த நகரத்தின் இடப்பெயர்வு வரலாற்றை எழுதப்போகிற ஆய்வாளர்கள் கோப்புகளைப் பார்த்தால் போதாது, இந்தச் சரணங்களைக் கேட்கவேண்டும்.

2025-ல் ஆசிய இளையோர் விளையாட்டில் தங்கம் வென்ற கபடி அணியில் கார்த்திகா இருந்தார். பத்திரிகைகள் 'கண்ணகி நகர் கார்த்திகா' என்றே எழுதின. அது விளையாட்டு, இது பாட்டு. ஆனாலும் ஏரியாவின் பேரையும் ஆளின் பேரையும் தலைப்பில் ஒன்றாகப் பார்த்தபோது எனக்கு ஏற்பட்ட சந்தோஷத்தை இங்கே குறித்துவைக்கிறேன்.

*

பேர் விட்டுப்போவது பற்றிப் பேசும்போது 'எஞ்சாயி எஞ்சாமி' வராமல் போகாது. 2021 மார்ச்சில் வெளியானது. ராப் பாடகர் அறிவும் பாடகி தீயும் பாடியது, சந்தோஷ் நாராயணன் தயாரிப்பு. அறிவு அரக்கோணத்துக்காரர். காஸ்ட்லெஸ் கலெக்டிவிலிருந்து வந்தவர், 2019-ல் 'தெருக்குரல்' தொகுப்பு வெளியிட்டவர். இலங்கைத் தேயிலைத் தோட்டத்தில் உழைத்துத் திரும்பிய தன் பாட்டி வள்ளியம்மாளை அந்தப் பாட்டுக்குள் கொண்டுவந்தார். காணொளியில் அந்த அம்மா கம்பீரமாக வீற்றிருக்கிறார். மண்ணை உழைத்துப் பண்படுத்தியும் அதில் உரிமை இல்லாமல் போனவர்களின் பாட்டு அது.

அந்த ஆகஸ்டில் ரோலிங் ஸ்டோன் இந்தியா இதழின் அட்டையில் அந்தப் பாட்டைக் குறிப்பிட்டார்கள். படத்தில் அறிவு இல்லை. ரஞ்சித் வெளிப்படையாகக் கேள்வி எழுப்பிய பிறகு அறிவுக்குத் தனியாக ஓர் அட்டை வந்தது. 2022 ஜூலையில் சென்னையில் செஸ் ஒலிம்பியாட் தொடக்க விழாவில் அதே பாட்டு, அறிவு இல்லாமல். பாட்டில் யாருடைய பங்கு எவ்வளவு என்று அப்போது இருதரப்பும் சொன்னவை ஒன்றுக்கொன்று பொருந்தவில்லை. அந்தத் தீர்ப்பைச் சொல்ல நான் யாரும் இல்லை. ஆனால் பாட்டிமாரின் பேரைச் சொல்லவே பிறந்த ஒரு பாட்டு கைமாறிப் போகும்போது விடுபடுவது பேரன் பேர்தான் என்றால், அதைத் தற்செயல் என்று ஒதுக்கிவிட என்னால் முடியவில்லை.

*

யூடியூபில் இன்றைக்கு ஒவ்வொரு பேட்டைக்கும் நாலு கானா சேனல் இருக்கிறது. செட்டுப் பிள்ளைகள் மொட்டைமாடியில் ஒரு விளக்கை வைத்துப் படம் பிடிக்கிறார்கள். முகப்புப் படத்தில் பாடகன் பேர், எழுதியவன் பேர், டோலக் அடித்தவன் பேர், கேமரா பிடித்தவன் பேர், 'நன்றி: அண்ணன்மார்கள்' என்று பத்துப் பேர். வெளியாள் பார்த்தால் ஒரே நெரிசலாக இருக்கும். எனக்கு அது மரண கானாவின் பேர்ப் பட்டியல் மாதிரியே தெரிகிறது.

ஆனால் வியாபாரம் இங்கேயும் நுழைந்தாகிவிட்டது. பாட்டு கொஞ்சம் ஓடினால் ஏதோ ஒரு நிறுவனம் வந்து கையில் ஒரு தொகையைத் திணித்து, ஆங்கிலத்தில் நீளமான காகிதம் ஒன்றில் கையெழுத்து வாங்கிக்கொள்கிறது. படித்துப் பார்க்கும் அண்ணன் பக்கத்தில் இருப்பதில்லை. 2012-ல் திருத்தப்பட்ட பதிப்புரிமைச் சட்டத்தின்படி, படத்துக்கோ ஒலிப்பதிவுக்கோ கொடுத்துவிட்ட பாட்டு பிற இடங்களில் பயன்படும்போது கிடைக்கும் ராயல்டியில் எழுதியவருக்கும் மெட்டுப் போட்டவருக்கும் சம பங்கு உண்டு. அந்தப் பங்கைப் பொதுவாக எழுதிக்கொடுத்து விலகிவிடமுடியாது. இந்தச் செய்தி கோடம்பாக்கத்தில் எல்லாருக்கும் தெரியும், வியாசர்பாடியில் எத்தனை பேருக்குத் தெரியும்?

பேட்டைக்குப் பேட்டை கேரம் கிளப்பும் இரவுப் பாடசாலையும் நடத்துகிற அண்ணன்மார்களிடம் நான் கேட்பது இதுதான். பசங்க புதிதாக ஒரு பாட்டுக் கட்டினால், முதல் வேலையாக முத்திரைச் சரணத்தோடு முழுப் பாட்டையும் போனில் பதிவு செய்யச் சொல்லுங்கள். தேதியைச் சொல்லிவிட்டுப் பாடட்டும். மெட்டு வேறொருவருடையது என்றால் அவர் பேரையும் சொல்லட்டும். காகிதம் வந்தால் கையெழுத்துக்கு முன்னால் ஒரு வக்கீலிடம் காட்டட்டும். வட சென்னையில் வக்கீல்களுக்குப் பஞ்சமில்லை, அவர்களில் கானா பாடுகிறவரே இருக்கிறார். ராயல்டி வசூலிக்கும் சங்கத்தில் உறுப்பினராவது எப்படி என்று ஒரு ஞாயிற்றுக்கிழமை உட்கார்ந்து சொல்லிக்கொடுக்க யாராவது முன்வந்தால், சேர் போடவும் டீ வாங்கவும் நான் வருகிறேன்.